நொறுங்கும் ஓசையிலும் இருக்கிறது ருசி

மணப்பாறை முறுக்குக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. மருங்காபுரி, துவரங்குறிச்சி, வையம்பட்டி என்று சுற்றுவட்டாரத்தில் இருப்பவர்களுக்கு அது சொந்த வீட்டுச் செய்தி. உள்ளே இருப்பவை தமிழ்நாட்டின் எந்த அடுக்களையிலும் கிடைக்கும் பொருட்கள்தான்: அரிசி மாவு, உளுந்து மாவு, ஓமம், சீரகம், எள், பெருங்காயம், உப்பு. பிறகு இந்த முறுக்குக்கு மட்டும் தனி ருசி எங்கிருந்து வந்தது என்று கேட்டால் ஊர்க்காரர்கள் இரண்டு காரணம் சொல்வார்கள். எங்கள் தண்ணீரிலேயே கொஞ்சம் உப்பு உண்டு என்பது ஒன்று. இரண்டு முறை பொரித்தெடுக்கிறோம் என்பது மற்றொன்று.

உலகின் பெரிய ஆய்வகங்களில் இன்று ருசியைப் பொறியியலாக்கும் வேலை நடக்கிறது. மின்சாரம் பாயும் கரண்டி, ருசியை இணையம் வழியாக அனுப்பும் கருவி, மூலக்கூறின் அமைப்பைப் பார்த்தே அதன் வாசனையைச் சொல்லும் கணினி, உணவை அச்சிடும் இயந்திரம் என்று பட்டியல் நீள்கிறது. எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது ஒரே கேள்வி: ருசி எதில் இருக்கிறது? அதற்கு மணப்பாறை முறுக்கு நல்ல பாடம் சொல்லும். அதிலிருந்தே தொடங்குகிறேன்.

பிசைந்த மாவில் தண்ணீர் நிறைய இருக்கிறது. காய்ந்த எண்ணெயில் விழுந்ததும் அந்தத் தண்ணீர் கொதித்து ஆவியாகி வெளியேறப் பார்க்கிறது. எண்ணெயில் எழும் சலசலப்பு அதுதான். அதே நேரத்தில் மாவிலுள்ள ஸ்டார்ச் துகள்கள் சூட்டில் நீரை உறிஞ்சி உப்பி வெந்து கூழாகின்றன. ஆவி வெளியேறிய வழியெல்லாம் நுண்துளைகளாக நிற்கிறது. துளைகளுக்கு இடையே உள்ள மெல்லிய சுவர்கள் நீரை இழந்து இறுகுகின்றன. இந்த இறுகிய நிலையைக் கண்ணாடி நிலை என்கிறது இயற்பியல். ஜன்னல் கண்ணாடியைப் போலவே மூலக்கூறுகள் ஒழுங்கில்லாமல் உறைந்து நிற்கும் நிலை இது. வளையாது, உடையும். எண்ணெயில் சத்தம் அடங்கினால் முறுக்கை எடுத்துவிடலாம் என்று வீட்டில் பெரியவர்கள் சொல்வது மிகச் சரியான அளவீடு. உள்ளே நீர் தீர்ந்தது என்பதைக் காது வழியாக அறிகிறார்கள்.

இரண்டு முறை பொரிப்பதன் பயனும் இங்கேதான் இருக்கிறது. முதல் பொரிப்பில் மேற்பரப்பு காய்ந்துவிடும், நடுவில் ஈரம் மிச்சம் இருக்கும். எடுத்து ஆற வைத்தால் அந்த ஈரம் மெல்ல வெளிப்பக்கம் நகர்ந்து முறுக்கு முழுவதும் பரவுகிறது. இரண்டாவது முறை எண்ணெயில் போட்டதும் அதுவும் போய்விடுகிறது. ஒரே தடவையில் நடுப்பகுதி வரை உலர வைக்கப் பார்த்தால் ஓரம் கருகிக் கசக்கும். இரண்டு பொரிப்பு அந்தச் சிக்கலைத் தீர்த்துவிடுகிறது.

ஈரம் திரும்பி வந்தால் இதெல்லாம் போயிற்று. நீர் மூலக்கூறுகள் ஸ்டார்ச் சங்கிலிகளுக்கு நடுவே புகுந்து அவற்றை அசைய விடுகின்றன. கண்ணாடி நிலை தளர்ந்து ரப்பர் நிலைக்குப் போகிறது. அதைத்தான் நமத்துப் போயிற்று என்கிறோம். 1981-இல் அமெரிக்காவில் காட்ஸ், லபூசா என்ற இருவர் சிப்ஸ், சோளப்பொரி போன்ற தீனிகளைப் பல ஈரப்பத நிலைகளில் வைத்து ஆட்களுக்குத் தின்னக் கொடுத்தார்கள். நீர்ச் செயல்பாடு என்று ஓர் அளவுகோல் உண்டு. சுத்தமான தண்ணீருக்கு அது 1. தீனியில் அது 0.35-க்கும் 0.5-க்கும் இடையே ஏறியபோது மொறுமொறுப்பு போய்விட்டதாக ஆட்கள் சொன்னார்கள். காற்றின் ஈரப்பதமாகச் சொன்னால் இது 35 முதல் 50 சதவீதம். ஐப்பசி மழையில் நம் பக்கத்துக் காற்று இதைவிட எவ்வளவோ ஈரமானது. டப்பாவை மூட மறந்தால் மறுநாளே முறுக்கு நமத்துவிடும்.

முறுக்கைக் கடிக்கும்போது இறுகிய சுவர்கள் ஒன்றன்பின் ஒன்றாக உடைகின்றன. ஒவ்வோர் உடைவிலும் ஒரு சிறு ஒலித்துடிப்பு கிளம்புகிறது. அது இரண்டு வழியாகக் காதுக்கு வருகிறது: வாய்க்கு வெளியே காற்றின் வழியாக, தாடை எலும்பின் அதிர்வு வழியாக. ஒலியின் அதிர்வெண்ணே தீனியின் தன்மையைச் சொல்லிவிடும். மெல்லிய முறுக்கும் அப்பளமும் 5,000 ஹெர்ட்ஸுக்கு மேலான கூர்மையான ஒலியை எழுப்பும் வகை. கடினமான தட்டையும் பச்சைக் கேரட்டும் அதைவிடத் தாழ்ந்த ஒலியில் உடைபவை.

இந்த ஒலி ருசியின் பகுதிதானா, வெறும் பக்கவிளைவா? ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் மசிமிலியானோ ஸாம்பினி, சார்லஸ் ஸ்பென்ஸ் இருவரும் 2004-இல் வெளியிட்ட ஆய்வு இதைத் தீர்த்து வைத்தது. 20 பேரைத் தனித்தனியாக ஓர் ஒலி அடைப்பு அறையில் உட்கார வைத்து, காதில் ஹெட்போன் மாட்டி, மைக்குக்கு முன்னால் உருளைக்கிழங்கு சிப்ஸை முன்பற்களால் கடிக்கச் சொன்னார்கள். எல்லாம் ஒரே வடிவத்தில் வார்த்த பிரிங்கில்ஸ். ஒன்றுக்கொன்று வித்தியாசம் இருக்கக் கூடாது என்பதற்காக அந்தத் தேர்வு. கடிக்கும் ஒலியைப் பதிந்து, அதே கணத்தில் மாற்றி அவர்கள் காதுக்கே அனுப்பினார்கள். 2,000 ஹெர்ட்ஸுக்கு மேற்பட்ட ஒலியைக் கூட்டியபோது, சிப்ஸ் புதிதாகவும் மொறுமொறுப்பாகவும் இருப்பதாகச் சொன்னார்கள். குறைத்தபோது பழசாகி நமத்துவிட்டது என்றார்கள். வாயில் இருந்ததோ ஒரே சிப்ஸ். 2008-இல் இந்த ஆய்வுக்கு இக்நோபல் பரிசு கொடுத்தார்கள். முதலில் சிரிக்க வைத்து, பிறகு சிந்திக்க வைக்கும் ஆய்வுகளுக்கான பரிசு அது.

காது மட்டுமில்லை, மூக்கும் ருசியில் பெரும் பங்குதாரர். நாக்கு அறிவது இனிப்பு, புளிப்பு, உப்பு, கசப்பு, உமாமி என்ற ஐந்தைத்தான். 1908-இல் ஜப்பானியர் கிகுனே இகேடா கடற்பாசிச் சாற்றிலிருந்து குளூட்டமேட்டைப் பிரித்துக் காட்டியபோது உமாமி இந்த வரிசையில் சேர வழி திறந்தது. ரசத்துக்கும் சாம்பாருக்கும் உள்ள வித்தியாசம் இந்த ஐந்துக்குள் அடங்காது. மூக்கை இறுகப் பிடித்துக்கொண்டு ஒரு வாய் ரசம் குடித்துப் பாருங்கள்: புளிப்பும் உப்பும் காரமும் மட்டும் வரும். மூக்கை விட்டதும் சீரகமும் மிளகும் பெருங்காயமும் கொத்தமல்லியும் திரும்பி வரும். மென்று விழுங்கும்போது வாயிலிருந்து எழும் வாசனை, தொண்டையின் பின்புறமாக மேலேறி மூக்குக்குள் போகிறது. மூளை அதை நாக்கின் கணக்கிலேயே எழுதிக்கொள்கிறது. மனிதருக்கு ஏறக்குறைய 400 வகை வாசனை ஏற்பிகள் உண்டு. அவற்றின் மரபணுக்களை 1991-இல் கண்டறிந்த லிண்டா பக், ரிச்சர்ட் ஆக்சல் இருவரும் 2004-இல் நோபல் பரிசு பெற்றனர்.

மூன்றாவதாக ஒரு வழி இருக்கிறது. முகத்துக்கும் வாய்க்கும் மூக்குக்கும் தொடுவுணர்வைத் தரும் முப்பெருநரம்பு. மிளகாயின் காரம் உண்மையில் சூட்டை அறியும் ஓர் ஏற்பியைத் தொட்டு எழுப்புகிறது. 43 டிகிரி செல்சியஸுக்கு மேலான சூட்டில் விழித்துக்கொள்ளும் அந்த ஏற்பி, மிளகாயிலுள்ள கேப்சைசினைக் கண்டாலும் விழித்துக்கொள்கிறது. காரம் பட்ட நாக்கு எரிகிறது என்று மூளை நம்புவது அதனால்தான். இதை 1997-இல் கண்டுபிடித்த டேவிட் ஜூலியஸுக்கு 2021-இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. அதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னோர் ஏற்பி இதமான வெதுவெதுப்பை அறிவது. அதை எழுப்பும் பொருட்களின் பட்டியலைப் பார்த்தால் நம் அஞ்சறைப்பெட்டியைத் திறந்தது போலிருக்கும்: ஓமத்திலுள்ள தைமால், கிராம்பிலுள்ள யூஜெனால், கற்பூரம்.

ஸ்ரீரங்கத்தில் தீர்த்தம் வாங்கிக் குடிக்கும்போது நடப்பதை இந்த இடத்தில் எண்ணிப் பார்க்கலாம். உள்ளங்கையில் விழும் சில துளித் தண்ணீரில் துளசியும் ஏலக்காயும் பச்சைக் கற்பூரமும் கலந்திருக்கின்றன. நாக்குக்கு அதில் அதிகம் வேலை இல்லை. பச்சைக் கற்பூரம் முப்பெருநரம்பைத் தொட்டு ஒரே நேரத்தில் குளிர்ச்சியையும் லேசான உறுத்தலையும் தருகிறது. துளசியின் யூஜெனால் தொண்டை வழியாக மூக்குக்கு ஏறுகிறது. கருங்கல் மண்டபத்தின் குளிர்ச்சி, எண்ணெய் விளக்கின் மணம், கூட்டத்தின் ஓசை எல்லாம் சேர்ந்து மூளையில் ஒரே நினைவாகப் பதிகின்றன. வீட்டில் அதே பொருட்களை அதே அளவில் கலந்து குடித்தாலும் கோயில் தீர்த்தம் போல இருப்பதில்லை என்று பலர் சொல்வார்கள். பக்தி காரணம் என்பார்கள். பக்தியோடு சேர்ந்து புலன்களின் சூழலும் காரணம் என்று நரம்பியல் சொல்கிறது. இரண்டும் ஒன்றையொன்று மறுக்கவில்லை. வீட்டில் கலப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: பச்சைக் கற்பூரம் கடுகளவு போதும். அதிகமானால் நஞ்சு, குழந்தைகளுக்கு மிக ஆபத்து.

இப்படிச் சூழலை வைத்து ருசியை மாற்றுவது வெளிநாட்டு உணவகங்களில் பெரும் தொழிலாகவே வளர்ந்தது. இங்கிலாந்தின் ஃபேட் டக் உணவகத்தில் ஹெஸ்டன் புளூமென்தால் 2007-இல் கடல் உணவுத் தட்டோடு ஒரு சங்கைக் கொடுத்தார். சங்குக்குள் இருந்த சிறு கருவி கடலலை ஓசையைக் காதில் போட்டது. 2012-இல் ஷாங்காயில் பால் பேரே தொடங்கிய அல்ட்ரா வயலட் உணவகத்தில் ஒரு வேளைக்குப் பத்தே பேர். ஒவ்வொரு பதார்த்தத்துக்கும் சுவர் முழுக்கப் படம், இசை, வாசனை மாறின. கண்ணில் மெய்நிகர் கண்ணாடி மாட்டிச் சாப்பிடும் முயற்சிகளும் நடக்கின்றன. இவற்றை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பணமுள்ள சிலருக்கான ஒருநாள் விருந்து அது. அதே அறிவு வேறு இடத்தில் வேலை செய்யும்போதுதான் எனக்கு நம்பிக்கை பிறக்கிறது.

அந்த இடம், உப்பு. ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாக உப்பு சேர்த்துக்கொள்ளுங்கள் என்கிறது உலக சுகாதார நிறுவனம். தேசிய அளவிலான கணக்கெடுப்பை வைத்து 2023-இல் வெளியான ஆய்வு, இந்தியர் ஒருவர் சராசரியாக நாளுக்கு 8 கிராம் உப்பு உண்பதாகச் சொன்னது. ரத்தக் கொதிப்பு உள்ளவருக்கு மருத்துவர் முதலில் சொல்வது உப்பைக் குறைக்கத்தான். ஊறுகாயும் அப்பளமும் கருவாடும் முறுக்கும் புழங்கும் வீட்டில் அது எவ்வளவு கடினம் என்பது அந்த வீட்டில் இருப்பவருக்குத்தான் தெரியும். வயதாக ஆக நாக்கும் மூக்கும் மங்குகின்றன. எழுபது வயதுக்காரருக்கு மகள் வைக்கும் குழம்பு சப்பென்று இருக்கும். உப்புக் கிண்ணத்தை இழுத்துவைத்துக்கொள்வார். வீட்டில் சண்டை வரும். அவர் பிடிவாதக்காரர் இல்லை, ஏற்பிகள் குறைந்த மனிதர்.

ஜப்பானில் மெய்ஜி பல்கலைக்கழகத்தின் ஹோமெய் மியாஷிதாவும் கிரின் நிறுவனமும் இதற்கு ஒரு கரண்டி செய்தார்கள். நாக்கில் மின்சாரம் பட்டால் சுவை தோன்றும் என்பது பழைய செய்தி. 18-ஆம் நூற்றாண்டின் நடுவில் சுல்சர் என்பவர் ஈயத்தையும் வெள்ளியையும் சேர்த்து நாக்கில் வைத்து இதைக் கண்டார். மியாஷிதாவும் ஹிரோமி நகமுராவும் 2011-இல் மின்சாரம் பாயும் உறிஞ்சுகுழலும் குச்சியும் செய்து ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். அதற்கும் ஓர் இக்நோபல், 2023-இல். 2024 மே மாதம் கிரின் அந்தக் கரண்டியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. உணவில் ஏற்கெனவே இருக்கும் சோடியம் அயனிகள் சிதறிப்போகாமல் மெல்லிய மின்னோட்டம் அவற்றைச் சேர்த்து நாக்கின் பக்கம் கொண்டுவருகிறது. உப்பு குறைந்த சூப் ஒன்றரை மடங்கு கரிப்பதாக உணரப்படுகிறது என்கிறார்கள். இல்லாத உப்பை அது உண்டாக்காது. முதல் விலை 19,800 யென், நம் பணத்தில் பத்தாயிரம் ரூபாய்க்கும் மேல். கரண்டியில் சூப் குடிப்பவர்களுக்கான கருவி இது. கையால் பிசைந்து சாப்பிடும் நமக்கு உகந்த வடிவம் எது என்று ஜப்பானியர்கள் யோசிக்கப் போவதில்லை. அதை நாம்தான் யோசிக்க வேண்டும். கையே ஈரமான மின்கடத்தி என்பதை நம் பொறியியல் மாணவர்களுக்கு நினைவூட்டுகிறேன்.

இந்தத் துறையில் நம் பக்கத்தவர் ஒருவரும் உண்டு. இலங்கையைச் சேர்ந்த நிமேஷ ரணசிங்க, சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் இருந்தபோது நாக்கில் மின்முனை வைத்துப் புளிப்பையும் உப்பையும் உருவாக்கும் ஆய்வுகளைச் செய்தார். 2017-இல் அவர் குழு எலுமிச்சைச் சாற்றின் நிறத்தையும் அமிலத்தன்மையையும் ஓர் உணரி மூலம் படித்து, வேறிடத்தில் வெறும் தண்ணீர் இருந்த கோப்பைக்கு அனுப்பியது. விளக்கு மஞ்சளாக ஒளிர்ந்தது, விளிம்பிலிருந்த மின்முனை நாக்கைப் புளிக்க வைத்தது. 2025-இல் அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகம் மின்சாரத்தை விட்டுவிட்டு நேரடியாக வேதிப்பொருட்களிடம் போனது. குளூக்கோஸ், சிட்ரிக் அமிலம், உப்பு, மெக்னீசியம் குளோரைடு, குளூட்டமேட் என்ற ஐந்தையும் சரியான விகிதத்தில் கலந்து வாய்க்குள் விடும் கருவி அது. எலுமிச்சைச் சாறு, கேக், வறுத்த முட்டை, மீன் சூப், காபி ஆகிய ஐந்தின் ருசியை அது உருவாக்கிக் காட்டியது. சோதித்தவர்கள் பெரும்பாலும் சரியாகவே சொன்னார்கள்.

அந்த ஐந்தில் ரசம் இல்லை, புளியோதரை இல்லை. குறையாகச் சொல்லவில்லை, அவர்கள் ஊரில் அவர்கள் சாப்பிடுவதைத்தான் எடுத்தார்கள். ஆனால் கணினிக்கு ருசியைக் கற்பிக்கும் தரவு எந்த ஊரிலிருந்து போகிறதோ அந்த ஊர் ருசிதான் கருவியில் இருக்கும். இது வெறும் பெருமிதப் பிரச்சினை இல்லை. நம் சமையல் கட்டப்பட்டிருக்கும் விதமே வேறு என்பதற்கு எண்களில் சான்று இருக்கிறது. 2011-இல் யோங்-யோல் ஆனும் சக ஆய்வாளர்களும் 56,498 சமையல் குறிப்புகளை அலசி, மேற்கத்தியச் சமையலில் ஒரே வாசனை மூலக்கூறுகளைப் பகிர்ந்துகொள்ளும் பொருட்கள்தான் அதிகம் சேர்க்கப்படுகின்றன என்று கண்டார்கள். ஜோத்பூர் ஐஐடியில் கணேஷ் பாக்லரின் குழு 2015-இல் 2,543 இந்தியக் குறிப்புகளை அதே முறையில் அலசியது. முடிவு நேர்மாறு. இந்தியச் சமையலில் சேரும் பொருட்களிடம் பொதுவான மூலக்கூறுகள் மிகக் குறைவு. இந்த மாறுபட்ட சேர்க்கையைத் தாங்கி நிற்பவை மசாலாப் பொருட்கள்: கணக்கில் அவற்றை மாற்றினால் அந்த ஒழுங்கே குலைகிறது. பாக்லர் பின்னர் டெல்லி ஐஐஐடியில் 25,595 சுவை மூலக்கூறுகளைத் தொகுத்த ஒரு தரவுத்தளத்தை 2018-இல் வெளியிட்டார். ஒத்ததோடு ஒத்தது சேரும் என்று மட்டும் கற்ற கணினியிடம் வத்தக்குழம்புக்கு வழி கேட்டால் அது திணறத்தான் செய்யும்.

பெருங்காயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஈரான், ஆப்கானிஸ்தான் மலைகளில் வளரும் ஒரு செடியின் வேரைக் கீறி எடுக்கும் பிசின் அது. பச்சையாக முகர்ந்தால் முகம் சுளிக்க வைக்கும். அதன் மணத்துக்குக் காரணமான கந்தகச் சேர்மங்கள் வெங்காயம், பூண்டின் சேர்மங்களுக்கு உறவு. சூடான எண்ணெயில் போட்டதும் கடுமை தணிந்து, வெங்காயம் சேராத சமையலுக்கும் அந்த ஆழம் வந்துவிடுகிறது. நாம் அவ்வளவு பயன்படுத்தும் இந்தப் பொருளை இந்தியா பயிரிடத் தொடங்கியதே 2020 அக்டோபரில்தான். பாலம்பூரில் உள்ள இமாலய உயிர்வளத் தொழில்நுட்ப நிறுவனம் லாகூல் பள்ளத்தாக்கில் முதல் செடியை நட்டது.

வாசனையை மூலக்கூறாக்கி விற்பது புதிதல்ல. 1851 லண்டன் பெருங்கண்காட்சியிலேயே செயற்கைப் பழ எசன்ஸ்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. 1874-இல் ஜெர்மனியில் டீமன், ஹார்மன் இருவரும் வெனிலினைத் தொகுத்தார்கள். இன்று மிட்டாயில் வாழைப்பழ மணம் என்றால் அது பெரும்பாலும் ஐசோஅமைல் அசிட்டேட் என்ற ஒற்றை எஸ்டர். லால்குடி, முசிறி, தொட்டியம் என்று காவிரிக் கரை வாழையில் வளர்ந்தவருக்கு அந்த மிட்டாய் வாழைப்பழமாகவே படாது. பழம் பழுக்கும்போது எத்திலீன் சமிக்ஞை கொடுக்க, லியூசின் போன்ற அமினோ அமிலங்கள் ஆல்கஹாலாக மாறி, பிறகு எஸ்டர்களாகின்றன. கூடவே யூஜெனால் போன்றவையும் சேர்கின்றன. கிராம்பிலும் துளசியிலும் பார்த்த அதே யூஜெனால். பூவனுக்கும் ரஸ்தாளிக்கும் கற்பூரவல்லிக்கும் ஏலக்கிக்கும் உள்ள வித்தியாசம் இந்தக் கலவையின் விகிதத்தில் இருக்கிறது. அதில் ஒற்றை எஸ்டரை மட்டும் எடுத்து வாழைப்பழம் என்று பெயர் வைத்தது தொழிற்சாலையின் வசதிக்கு.

ரஸ்தாளி வாடல் நோய்க்கு எளிதில் இரையாகும் ரகம். பயிரிடுவோர் குறைந்தால் ருசியும் போகும். திருச்சியில் 1993 முதல் இயங்கும் தேசிய வாழை ஆராய்ச்சி மையம் நூற்றுக்கணக்கான வாழை வகைகளை உயிரோடு காப்பாற்றி வைத்திருக்கிறது. ருசிப் பொறியியலின் மூலதனமே அப்படிப்பட்ட தோட்டங்கள்தான் என்பது என் எண்ணம். வாசனை மூலக்கூறுகளைப் படிக்கும் கணினி மாதிரி ஒன்று 2023-இல் சயன்ஸ் இதழில் வெளியானது. ஏறக்குறைய 5,000 மூலக்கூறுகளையும் அவற்றின் மணத்தை மனிதர்கள் விவரித்த சொற்களையும் கற்று, புதிய மூலக்கூறு எப்படி மணக்கும் என்று அது கணித்தது. சராசரி மனித முகர்வாளரோடு போட்டி போடும் அளவுக்கு அதன் கணிப்பு இருந்தது. அந்த மாதிரிக்கும் யாரோ ஒருவர் முகர்ந்து பார்த்துச் சொல்லித்தர வேண்டியிருந்தது. ரஸ்தாளி இருந்தால்தான் ரஸ்தாளியை அதற்குச் சொல்லித்தர முடியும்.

திருச்சிக்கு அடுத்த தஞ்சாவூரில் நடந்த ஒரு வேலையைச் சொல்லாமல் இருக்க முடியாது. நெல் பதப்படுத்தும் ஆய்வு மையமாகத் தொடங்கி, இந்திய உணவு பதன்தொழில்நுட்ப நிறுவனமாகி, இன்று நிஃப்டெம் தஞ்சாவூர் என்று அழைக்கப்படும் இடம் அது. சி. ஆனந்தராமகிருஷ்ணன் இயக்குநராக இருந்த காலத்தில் அங்கே உணவை முப்பரிமாணத்தில் அச்சிடும் ஆய்வு நடந்தது. 2019-இல் வெளியான ஒரு கட்டுரையில் அவர்கள் அச்சிட்ட மாவில் இருந்தவை குதிரைவாலி, பச்சைப்பயறு, பொட்டுக்கடலை, ஓமம். முறுக்கு அச்சில் மாவைப் போட்டு அழுத்துவதும் இதே வேலைதான்: பிசைவைத் துளை வழியாகத் தள்ளி வடிவம் கொடுப்பது. இயந்திரம் அதையே கணினி சொல்லும் பாதையில், அடுக்கடுக்காகச் செய்கிறது. அச்சிட்டதைப் பொரித்தும், சூடான காற்றிலும் மைக்ரோவேவிலும் உலர்த்தியும் ஒப்பிட்டுப் பார்த்தார்கள்.

இதன் பயன் அலங்கார வடிவங்களில் இல்லை. துளையின் அளவையும் சுவரின் தடிமனையும் நாமே தீர்மானிக்க முடிந்தால், குறைந்த எண்ணெயில் அதே ஓசையோடு உடையும் தீனியைச் செய்யலாம். உப்பை மாவு முழுக்கக் கலக்காமல், நாக்கு முதலில் தொடும் வெளி அடுக்கில் மட்டும் வைக்கலாம். மொத்த உப்பு குறையும், நாக்குக்குக் குறை தெரியாது. மென்று விழுங்கச் சிரமப்படும் முதியவருக்கு முறுக்கின் மணமும் கேழ்வரகின் சத்தும் சேர்ந்த மென்மையான உணவை, அவர் தொண்டைக்குத் தக்க பதத்தில் அச்சிடலாம். ருசிப் பொறியியலின் எதிர்காலம் என்றால் எனக்கு இதுதான் முதலில் தோன்றுகிறது. பத்துப் பேர் விருந்து அதற்கு வெகு பின்னால்தான்.

கொரோனா காலம் இன்னொன்றையும் காட்டியது. வாசனை போனால் சாப்பாட்டில் மனமே செல்லாது என்பதை நம்மில் பலர் ஒரே வருடத்தில் அறிந்தோம். அந்த வைரஸ் பெரும்பாலும் வாசனை நரம்புகளைத் தாக்கவில்லை. அவற்றைத் தாங்கி நிற்கும் துணைச் செல்களைத் தாக்கியது. அதனால்தான் பெரும்பாலோருக்கு வாசனை திரும்பி வந்தது. திரும்பாதவர்களுக்கு ஒரு பயிற்சி உண்டு. ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் தாமஸ் ஹம்மல் 2009-இல் வெளியிட்ட முறை அது. ரோஜா, யூகலிப்டஸ், எலுமிச்சை, கிராம்பு ஆகிய நான்கு மணங்களைக் காலையிலும் மாலையிலும் 12 வாரம் கவனத்தோடு முகர வேண்டும். வாசனை நரம்புகள் வாழ்நாள் முழுவதும் புதிதாக முளைப்பவை, பழக்கத்துக்கு வளைந்து கொடுப்பவை. பன்னீர், நீலகிரித் தைலம், எலுமிச்சம்பழத் தோல், கிராம்பு என்று நம் வீட்டுப் பொருட்களிலேயே இதைச் செய்யலாம். திடீரென்று வாசனை போனால் மட்டும் முதலில் காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பாருங்கள்.

உப்புக்காகச் சண்டை நடக்கும் வீட்டுக்கும் இதே அறிவியல் ஒரு வழி சொல்கிறது. உப்போடு சேர்த்துப் பழகிய வாசனைகள் வந்தால், உப்பு குறைவாக இருந்தாலும் மூளை கொஞ்சம் கூடுதலாகக் கரிப்பதாகவே உணர்கிறது. ஆய்வகங்களில் பலமுறை பார்த்த விளைவு இது. புளிப்பும் அதற்குக் கைகொடுக்கும். குழம்பில் உப்பைக் குறைத்துவிட்டு, வறுத்த சீரகமும் தாளித்த பெருங்காயமும் இறக்கும் நேரத்தில் நான்கு சொட்டு எலுமிச்சையும் சேர்த்துப் பாருங்கள். கூடவே ஓர் அப்பளத்தைச் சுட்டு வைக்கலாம் என்று தோன்றும். அப்பளத்தில் உப்பு நிறைய. அதற்குப் பதில் உப்பில்லாத பொரி அந்த ஓசையைக் கொடுத்துவிடும்.

மணப்பாறைத் தண்ணீருக்கு வருகிறேன். ஒரே மாவு, ஒரே எண்ணெய், ஒரே கை. ஒரு பிசைவுக்கு மணப்பாறைக் கிணற்று நீர், இன்னொன்றுக்குக் காவிரி நீர், மூன்றாவதற்குக் காவிரி நீரில் அளந்து போட்ட உப்பு. கடிக்கும் ஓசையை மைக்கில் பதிந்து, எழும் வாசனையை வாயு நிறப்பிரிகைக் கருவியில் அளந்து, எது எதென்று சொல்லாமல் ஊர்க்காரர்களிடம் தின்னக் கொடுத்தால் ஊர் சொல்லும் காரணத்தில் எவ்வளவு தண்ணீரில், எவ்வளவு இரண்டாம் பொரிப்பில் என்று தெரிந்துவிடும். கல்லூரி ஆய்வுத் திட்டம் ஒன்றுக்கு உரிய செலவுதான் ஆகும். தஞ்சாவூர் நிறுவனத்திலும் திருச்சிக் கல்லூரிகளிலும் இதற்கான கருவிகளும் மாணவர்களும் இருக்கிறார்கள். முறுக்குச் சுடும் குடும்பங்களையும் பங்காளிகளாகச் சேர்த்து, முடிவுகளின் பயனில் அவர்களுக்கும் உரிமை வைத்து, இந்த வேலையை அந்த நிறுவனமும் கல்லூரிகளும் தொடங்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். புவிசார் குறியீடு மணப்பாறையின் பெயரைக் காக்கும். அதன் ருசியைப் பற்றிய அறிவைச் சேர்த்து வைப்பது திருச்சி மாவட்டத்தின் வேலை.